ஆசிரியர் நியமனத்தில் நியாயம் எது?

பொதுப் பள்ளியில் ஆசிரியராக அமர்வதற்குரிய யோக்கியதை எது என்ற கேள்வியும், யோக்கியதை உடையவர் பலராக இருக்கையில் அவர்களுள் முதலில் யாரை அழைப்பது என்ற கேள்வியும் ஒன்றுபோலத் தோன்றினாலும் உண்மையில் வெவ்வேறானவை. முன்னதைக் கல்வி விற்பன்னர்களிடம் ஒப்படைத்துவிட்டு நாம் ஒதுங்கிக்கொள்ளலாம். பின்னதற்கு விடை சொல்ல முற்பட்ட அரசாங்கங்களோ, எந்தக் கட்சியினுடையவையாக இருந்தாலும், எந்த மாநிலத்தைச் சேர்ந்தவையாக இருந்தாலும், ஏறக்குறைய எல்லாமே நீதிமன்றத்தின் முன் பிரதிவாதியாக நின்றிருக்கின்றன. மற்ற உத்தியோகங்களைக் காட்டிலும் ஆசிரியப் பணியில் இந்த வியாஜ்யங்கள் மலிந்திருப்பதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. ஆசிரியப் பயிற்சி பெற்றவன் வேறு தொழிலுக்கு அந்தப் பயிற்சியைக் கொண்டு செல்ல முடியாது. தனியார் பள்ளி தரும் ஊதியத்துக்கும் அரசுப் பள்ளி தரும் ஊதியத்துக்கும் இடையே உள்ள தூரமோ மிகப் பெரிது. ஆகவே ஒரு மதிப்பெண்ணால் இடம் தவறிப்போனவன் அந்த ஒரு மதிப்பெண்ணின் நியாயத்தைக் குறித்து வாழ்நாள் முழுவதும் தர்க்கித்துக்கொண்டிருப்பது இயல்பே.

தமிழ்நாட்டில் இடைநிலை ஆசிரியர்களும் பட்டதாரி ஆசிரியர்களும் நெடுங்காலம் வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவு மூப்பின்படியே தெரிவு செய்யப்பட்டு வந்தார்கள். இடையிடையே போட்டித் தேர்வு வந்து போனதுண்டு. ஆனாலும் ஜனங்களின் மனத்தில் வேரூன்றியிருந்த முறை பதிவு மூப்புதான். மூன்று ஆண்டுக்கு ஒருமுறை பதிவைப் புதுப்பித்துக்கொண்டு, தன் வரிசை எண் வரும் வரை காத்திருப்பவனுக்கு முன்னால், நேற்றுப் பயிற்சி முடித்தவன் எவனும் நுழைந்துவிட முடியாது என்பதே அதன் தத்துவம். அறிவை அளக்காமல் பொறுமையை அளக்கும் முறை என்று அதைப் பரிகசித்தவர்கள் உண்டு. ஆயினும் அதில் ஓர் உயர்ந்த குணம் இருந்தது: அதிகாரியின் விருப்பு வெறுப்புக்கு அங்கே இடமில்லை, பதிவேட்டிலுள்ள தேதியைச் சிபாரிசால் திருத்துவதும் எளிதன்று. ஏழைக் குடும்பத்துப் பிள்ளை ஒருவன், நாற்பது வயதுக்குப் பிறகேனும், எவர் காலிலும் விழாமல் அரசு ஊழியனாக முடிந்ததென்றால் அது இந்த வரிசையின் தயவால்தான்.

வரிசையின் சட்ட அஸ்திவாரம் மட்டும் நாம் நினைத்த அளவு திடமானதாக இல்லை. 1959ஆம் ஆண்டுச் சட்டம் காலியிடங்களை வேலைவாய்ப்பு அலுவலகத்துக்கு அறிவிக்க வேண்டும் என்று விதித்ததே தவிர, அங்கிருந்துதான் ஆள் எடுக்க வேண்டும் என்று சொல்லவில்லை. 1987இல் ஹர்கோபால் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை எடுத்துக்காட்டி, அதைவிடச் சிறந்த வழி வேறு இல்லாத நிலையில் அரசாங்கம் அந்த அலுவலகத்தோடு நின்றுகொள்வதில் தவறில்லை என்று அனுமதித்தது. ஒன்பது ஆண்டுகள் கழித்து, 1996இல், விஸ்வேஸ்வர ராவ் வழக்கில் அதே நீதிமன்றம், பத்திரிகையில் விளம்பரம் செய்து பதிவு செய்யாதவர்களையும் பரிசீலிப்பதே நியாயம் என்று கூறிவிட்டது. பொது வேலைவாய்ப்பில் சமவாய்ப்பு என்னும் அரசியலமைப்பின் 16ஆவது பிரிவைக் காத்திருப்பவர்களின் பக்கம் நின்று வாசித்தால் ஒரு பொருள். புதிதாக வாசலுக்கு வந்தவர்களின் பக்கம் நின்று வாசித்தால் வேறு பொருள். பின்னால் எழுந்த எல்லா வழக்குகளும் இவ்விரு வாசிப்புகளின் மோதலாகவே எனக்குத் தோன்றுகின்றன.

பதிவு மூப்பின் ஏகாதிபத்தியத்தை முடித்துவைத்தது 2009ஆம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டம். அதன் 23ஆவது பிரிவின்படி ஆசிரியரின் குறைந்தபட்ச யோக்கியதையை நிர்ணயிக்கும் அதிகாரம் தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்துக்கு வந்தது. அக்குழுமம் 2010 ஆகஸ்டில் வெளியிட்ட அறிவிக்கை, ஒன்று முதல் எட்டு வகுப்பு வரை கற்பிக்க வருபவர் தகுதித் தேர்வில் தேறியிருக்க வேண்டும் என்று கட்டளையிட்டது. மொத்தம் 150 மதிப்பெண். தேர்ச்சிக்கு 60 சதவிகிதம், அதாவது 90. தமிழ்நாட்டில் ஆசிரியர் தேர்வு வாரியம் நடத்திய முதல் தேர்வு 2012 ஜூலை 12 அன்று நடந்தது. ஆறு லட்சத்துக்கும் மேற்பட்டோர் எழுதியதில் தேறியவர்கள் 2,448 பேர். நூற்றுக்கு ஒருவர்கூடத் தேறாத தேர்வைத் தேர்வு என்பதா, வேறு ஏதேனும் பெயரிட்டு அழைப்பதா என்று அந்நாளில் பலரும் கேட்டார்கள். ஒன்றரை மணி நேரம் போதவில்லை என்ற முறையீட்டின்பேரில் மூன்று மணி நேரமாக நீட்டி, அதே ஆண்டு அக்டோபரில் துணைத்தேர்வு நடத்தப்பட்டபோது தேறியவர்களின் தொகை பன்மடங்கு பெருகியது. அதே மனிதர்கள், கூடுதலாகக் கிடைத்தது ஒன்றரை மணி நேரம். யோக்கியதை என்று நாம் அழைப்பதில் எவ்வளவு பங்கு அளப்பவனுடையது என்பதைக் காட்ட இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

தேறியவர்கள் பெருகியதும் பழைய கேள்வி மீண்டும் தலைதூக்கியது: இவர்களுள் முதலில் யார்? இதற்கு விடையாக வந்ததுதான், தமிழ்நாட்டு ஆசிரியர் உலகம் இன்றும் கசப்போடு உச்சரிக்கும் ‘வெயிட்டேஜ்’. 2012 அக்டோபரில் பிறந்த 252ஆம் எண் அரசாணை, தகுதித் தேர்வுக்கு 60 புள்ளியும் முந்தைய படிப்புகளுக்கு 40 புள்ளியுமாகப் பங்கிட்டது. பட்டதாரி ஆசிரியருக்கு அந்த நாற்பது, பன்னிரண்டாம் வகுப்புக்குப் பத்து, பட்டத்துக்குப் பதினைந்து, பி.எட்.டுக்குப் பதினைந்து என்று பிரிந்தது. இடைநிலை ஆசிரியருக்குப் பன்னிரண்டாம் வகுப்புக்குப் பதினைந்து, ஆசிரியர் பயிற்சிப் பட்டயத்துக்கு இருபத்தைந்து. இதுவரை குற்றம் பெரிதில்லை. ஆனால் தகுதித் தேர்வின் அறுபது புள்ளிகளைப் படிப்படியாக வகுத்திருந்தார்கள்: அறுபது முதல் எழுபது சதவிகிதத்துக்குள் இருப்பவர் எல்லாருக்கும் 42, எழுபதைத் தொட்டால் 48, எண்பதுக்கு 54, தொண்ணூறுக்கு 60. இதன் விளைவைக் காகிதமும் பென்சிலும் எடுத்துக்கொண்டு எவரும் பார்க்கலாம். 90 மதிப்பெண் பெற்றவருக்கும் 104 பெற்றவருக்கும் ஒரே 42. 104க்கு அடுத்த 105க்கோ 48. பதினான்கு மதிப்பெண்ணுக்குக் கிடைக்காத மதிப்பு ஒரே மதிப்பெண்ணுக்குக் கிடைத்தது. சென்னை உயர் நீதிமன்றம் 2014 ஏப்ரலில் இந்தப் படிக்கட்டு முறையைப் பகுத்தறிவுக்கு ஒவ்வாதது என்று தள்ளி, விஞ்ஞான பூர்வமான வேறு முறையை அரசாங்கம் கைக்கொள்ள வேண்டும் என்று கூறியது. அடுத்த மாதமே வந்த 71ஆம் எண் அரசாணையில் படிகள் நீங்கின. பெற்ற மதிப்பெண்ணின் விகிதப்படி புள்ளி கணக்கிடப்பட்டது. இப்போது 104க்கு 41.6, 105க்கு 42.

கணக்கு சீராயிற்று, நியாயமும் சீராயிற்றா? பன்னிரண்டாம் வகுப்பில் அறுபது சதவிகிதம் பெற்றவர் பத்துக்கு ஆறும், தொண்ணூறு சதவிகிதம் பெற்றவர் ஒன்பதும் பெறுவார். அந்த மூன்று புள்ளியைத் தகுதித் தேர்வில் ஈடுசெய்ய ஏழரை மதிப்பெண் அதிகம் எடுக்க வேண்டும். இதில் என்ன தவறு என்று கேட்கலாம். தவறு காலத்தில் இருக்கிறது. மேல்நிலைத் தேர்வில் தாராளமாக மதிப்பெண் வழங்கும் வழக்கம் பின்னாளில் வந்தது. அதற்கு முன் படித்தவர், தம் வகுப்பிலேயே முதல்வராக இருந்திருந்தாலும், எண்ணளவில் பின்தங்கியே நிற்பார். இருபது ஆண்டுகளுக்கு முன் எழுதிய பரீட்சையை இனித் திருத்தி எழுத முடியாது. பதிவு மூப்பு முறையில் எந்த வயது அவருக்குத் துணை நின்றதோ, அதே வயது வெயிட்டேஜ் முறையில் அவருக்குப் பகையாயிற்று. 2013இல் தகுதித் தேர்வில் தேறி, சான்றிதழ் சரிபார்ப்புக்கும் அழைக்கப்பட்டு, பணி கிடைக்காமல் நின்றவர்களுடைய மனக்குறையின் மூலம் இதுவே.

இதற்கிடையில் இன்னொரு விவகாரம் கிளம்பியது. இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்குத் தேர்ச்சி மதிப்பெண்ணைத் தளர்த்த மாநிலங்களுக்கு அதிகாரம் உண்டு என்று தேசியக் குழுமத்தின் வழிகாட்டு நெறிகளே கூறியிருந்தும், தமிழ்நாடு முதலில் அதைப் பயன்படுத்தவில்லை. சமூக நீதியின் தாயகம் என்று பெருமை பேசும் மாநிலம் இதில் தயங்கி நின்றது வியப்புக்குரியதே. 2014 பிப்ரவரியில் 25ஆம் எண் அரசாணை ஐந்து சதவிகிதத் தளர்வு கொடுத்தது. 55 சதவிகிதம் என்பது எண்பத்திரண்டரை ஆதலால் 82 எடுத்தவர் தேறியவரானார். கொடுத்ததில் தவறில்லை. ஆனால் அதை 2013 ஆகஸ்டில் நடந்து முடிந்த தேர்வுக்கும் முன்தேதியிட்டுக் கொடுத்தார்கள். தொண்ணூறு எடுத்துச் சரிபார்ப்பு முடித்துக் காத்திருந்தவர்கள், ஆட்டம் நடந்துகொண்டிருக்கையில் விதியை மாற்றலாமா என்று வழக்குத் தொடுத்தார்கள். 2014 செப்டம்பர் 22 அன்று உயர் நீதிமன்றத்தின் சென்னை அமர்வு அரசாணையை ஏற்றது. மூன்று நாள் கழித்து மதுரை அமர்வு அதைத் தள்ளியது. ஒரே உயர் நீதிமன்றம், ஒரே அரசாணை, இரண்டு தீர்ப்பு. லாவண்யா வழக்கில் 2016 நவம்பர் 9 அன்று உச்ச நீதிமன்றம் இதற்கு முடிவு கட்டியது. தளர்வு தேர்வுக்குரியவர்களின் வட்டத்தை விரித்ததேயன்றித் தெரிவின் விதியை மாற்றவில்லை என்றும், வெயிட்டேஜ் பங்கீடு கொள்கை சார்ந்தது, அதில் நீதிமன்றம் நுழைவதற்கில்லை என்றும் கூறி, இரண்டு அரசாணைகளையும் நிலைநிறுத்தியது.

சட்ட நுட்பத்தில் இத்தீர்ப்பு சரியானதே என்று கருதுகிறேன். ஆனால் ‘இதைவிடச் சிறந்த முறை இருந்திருக்கலாம்’ என்பதற்கும் ‘இந்த முறை சட்டவிரோதமானது’ என்பதற்கும் இடையில் ஒரு பரந்த வெளி இருக்கிறது. நீதிமன்றம் பின்னதை மட்டுமே விசாரிக்கும். பாதிக்கப்பட்டவரோ முன்னதைக் குறித்தே அழுகிறார். 2018 ஜூலையில் அரசாங்கமே 149ஆம் எண் அரசாணையால் வெயிட்டேஜைக் கைவிட்டு, தகுதித் தேர்வில் தேறியவர்களும் நியமனத்துக்கெனத் தனியே ஒரு போட்டித் தேர்வு எழுத வேண்டும் என்றது. உச்ச நீதிமன்றம் வரை வழக்காடிக் காப்பாற்றிய முறையை இரண்டே ஆண்டில் கைகழுவியதைக் கண்டு, அந்த வழக்கில் தோற்றவர்கள் என்ன நினைத்திருப்பார்கள்? அவர்களுக்கு இதுவும் ஆறுதலாகவில்லை. ஒருமுறை தேறியவர்களை மறுபடியும் பரீட்சை மண்டபத்துக்கு அழைத்தது புதிய குறையாயிற்று. ஏழாண்டு மட்டுமே செல்லும் என்றிருந்த தகுதிச் சான்றிதழை வாழ்நாள் முழுவதும் செல்லும் என்று 2021இல் அறிவித்தார்கள். ஆகவே வேலை இல்லாத தகுதிக்கு ஆயுள் மட்டும் நீண்டது.

வடக்கே நிலைமை இன்னும் சிக்கலானது. உத்தரப் பிரதேசத்தில் 69,000 உதவி ஆசிரியர் பணியிடங்களுக்கு 2019 ஜனவரி 6 அன்று தேர்வு நடந்தது. தேர்ச்சிக்கு 65 சதவிகிதம், இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 60 என்ற அறிவிப்பு மறுநாள் வந்தது. முந்தைய தேர்வில் அது 45ஆகவும் 40ஆகவும் இருந்ததை நம்பி எழுதிய ‘சிக்ஷா மித்ரா’ என்னும் தற்காலிக ஆசிரியர்கள் திகைத்துப் போனார்கள். அவர்கள் ஏற்கெனவே அடிபட்டவர்கள்: 2017 ஜூலையில், சுமார் 1,37,000 பேரை நிரந்தர ஆசிரியராக்கியது செல்லாது என்று உச்ச நீதிமன்றம் கூறியிருந்தது. 2020 நவம்பரில் அந்த மதிப்பெண் வரம்பும் செல்லும் என்று தீர்ப்பாயிற்று. அவர்களுக்கு இன்னும் ஒரு வாய்ப்பு மட்டும் அருளப்பட்டது. முன்பே குறிப்பிடாத வரம்பைப் பின்னால் குறிப்பிடுவது விதியை மாற்றுவதாகாது என்ற தர்க்கம் வழக்கறிஞருக்குத் திருப்தி தரும்; பரீட்சைக்குச் சென்றவனுக்குத் தராது. 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்ந்த தேஜ் பிரகாஷ் பாடக் வழக்கிலும், தெரிவு தொடங்கியபின் தகுதி விதியை இடையில் மாற்றலாகாது என்ற பழைய நெறி உறுதி செய்யப்பட்டது; அந்தந்தக் கட்டத்தை எட்டுமுன் வரம்பு நிர்ணயிக்கும் உரிமை மட்டும் நியமிப்போருக்கு ஒப்புக்கொள்ளப்பட்டது.

விடைக்குறிப்பைப் பற்றிய வழக்குகளை விரிவாகச் சொல்ல வேண்டியதில்லை. உத்தரப் பிரதேசத்தில் 2009ஆம் ஆண்டு ஆசிரியர் தேர்வின் சில விடைகள் சரியா தவறா என்ற சர்ச்சை 2017 டிசம்பர் வரை நீண்டது. இறுதியில் ரண் விஜய் சிங் வழக்கில், நீதிபதிகள் விடைத்தாள் திருத்துவோராக மாறுவது தகாது, ஐயம் ஏற்பட்டால் அதன் பலன் தேர்வு நடத்தியவர்களுக்கே என்று உச்ச நீதிமன்றம் கடிந்துரைத்தது. எட்டு ஆண்டு என்பது ஒரு குழந்தை முதல் வகுப்பில் சேர்ந்து எட்டாம் வகுப்பை முடிக்கும் காலம்.

ஊர் சார்ந்த வழக்குகளில் நான் சற்று நிற்க விரும்புகிறேன். ஏனெனில் அங்குதான் நீதிமன்றத்தின் நியாயமும் பள்ளிக்கூடத்தின் நியாயமும் வெளிப்படையாகப் பிரிகின்றன. ராஜஸ்தானில் ஜில்லா பரிஷத் பள்ளிகளின் ஆசிரியர் தெரிவில், அந்த மாவட்டத்தாருக்கும் கிராமவாசிகளுக்கும் கூடுதல் மதிப்பெண் கொடுத்தார்கள். 2002இல் கைலாஷ் சந்த் சர்மா வழக்கில் அது சமத்துவத்துக்கு மாறானது என்று தள்ளப்பட்டது. ஆந்திரத்தில் பழங்குடிப் பகுதிப் பள்ளிகளின் ஆசிரியப் பணி முழுவதையும் பழங்குடியினருக்கே ஒதுக்கிய 2000ஆம் ஆண்டு அரசாணையை 2020 ஏப்ரலில் ஐந்து நீதிபதிகள் ரத்து செய்தார்கள்; ஏற்கெனவே அமர்ந்தவர்களை மட்டும் விட்டுவைத்தார்கள். ஜார்க்கண்டில் 13 மாவட்டங்களின் பணியிடங்களை அந்தந்த மாவட்டத்தாருக்கே முழுவதும் ஒதுக்கியதும் 2022இல் அதே கதியை அடைந்தது. நூற்றுக்கு நூறு ஒதுக்குவது பிறருடைய உரிமையை அடியோடு அழிப்பதாகும் என்பதில் எனக்கு ஆட்சேபமில்லை. எனினும், சமவெளியிலிருந்து மலைக்கு அனுப்பப்படும் ஆசிரியர் பள்ளிக்கு ஒழுங்காக வருவதில்லை என்பதல்லவா ஆந்திர அரசாங்கம் சொன்ன காரணம்? கோயா மொழியோ சவர மொழியோ பேசும் முதல் வகுப்புக் குழந்தைக்கு, தன் பேச்சைப் புரிந்துகொள்ளும் ஒருவர் முன்னே நிற்பது தகுதியில் சேராதா? விண்ணப்பதாரர் ஒருவருக்கும் மற்றொருவருக்கும் இடையிலுள்ள சமத்துவத்தைத்தான் இத்தீர்ப்புகள் எடைபோடுகின்றன. எந்த வழக்கின் தலைப்பிலும் அந்தக் குழந்தை வாதியுமில்லை, பிரதிவாதியுமில்லை. நூறு சதவிகிதத்துக்கும் பூஜ்யத்துக்கும் நடுவில், மொழியறிவைத் தகுதியாக்கி முன்கூட்டியே அறிவித்து அளக்கும் வழி ஒன்று இருக்கிறது. அதை அரசாங்கங்கள் நாடாமல் போனது சோம்பலே.

இதுவரை சொன்னவை அளவுகோலைப் பற்றிய பிணக்குகள். அளவுகோலையே திருடிய கதைகள் வேறு. ஹரியாணாவில் 1999-2000இல் 3,206 இளநிலை ஆசிரியர்களின் நியமனத்தில், நேர்முகத் தேர்வு முடிந்தபின் உண்மைப் பட்டியல்களை நீக்கிப் பொய்ப் பட்டியல்களை வைத்தார்கள். பட்டியல்களை மாற்றும்படி தம்மை நிர்ப்பந்தித்தார்கள் என்று 2003இல் உச்ச நீதிமன்றத்தில் முறையிட்டவர் தொடக்கக் கல்வி இயக்குநராக இருந்தவரே. 2013 ஜனவரியில் முன்னாள் முதலமைச்சர் ஓம் பிரகாஷ் சௌதாலாவுக்குப் பத்தாண்டுச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டபோது, புகார் கொடுத்த இயக்குநரும் குற்றவாளியாகவே தண்டிக்கப்பட்டார்.

மேற்கு வங்கத்தின் கதை அதனினும் துயரமானது. 2016ஆம் ஆண்டு ஆசிரியர் மற்றும் ஊழியர் தெரிவில் இருபத்து மூன்று லட்சம் பேர் எழுதினார்கள்; இருந்த காலியிடங்களைவிட அதிகமாக 25,753 பேருக்கு நியமனம் கிடைத்தது. வெற்று விடைத்தாள் கொடுத்தவர்களுக்கு மதிப்பெண், பட்டியலிலேயே இல்லாதவர்களுக்குப் பணி, பின்னால் நின்றவர் முன்னால் தாவியது என்று ஒவ்வொன்றாக வெளிவந்தன. 2022இல் முன்னாள் கல்வி அமைச்சர் பார்த்தா சட்டர்ஜி கைதானார். கல்கத்தா உயர் நீதிமன்றம் 2024 ஏப்ரல் 22 அன்று நியமனம் முழுவதையும் ரத்து செய்தது; 2025 ஏப்ரல் 3 அன்று உச்ச நீதிமன்றம் அதை உறுதிப்படுத்தியது. தவறு செய்யாத ஆயிரக்கணக்கானோரும் இதில் பணி இழந்தார்கள். அவர்களைப் பிரித்தெடுத்திருக்கக் கூடாதா என்றால், பிரித்தெடுப்பதற்கு வேண்டிய ஓ.எம்.ஆர். விடைத்தாள்கள் அழிக்கப்பட்டிருந்தன, அவற்றின் நகல்களும் முறையாகப் பாதுகாக்கப்படவில்லை. சாட்சியை அழித்தது தேர்வை நடத்திய ஆணையம். தண்டனை பெற்றது சாட்சி இருந்திருந்தால் விடுபட்டிருக்கக் கூடியவன். இரண்டு வாரம் கழித்து, ஒன்பது முதல் பன்னிரண்டு வகுப்பு வரை கற்பிக்கும் கறைபடாத ஆசிரியர்கள் மட்டும் தற்காலிகமாகத் தொடர அனுமதி பெற்றார்கள். செப்டம்பரில் புதிய தேர்வும் நடந்தது. ஏழெட்டு ஆண்டு பாடம் நடத்திய மனிதர், தம்மிடம் படித்து வெளியேறிய மாணவனுக்குப் பக்கத்து மேசையில் அமர்ந்து அதே பரீட்சையை எழுதும் நிலை வந்தது. லஞ்சம் வாங்கியவர்களைப் பற்றி எழுதாதவர் இல்லை; விடைத்தாளை எத்தனை ஆண்டு, எந்த அலுவலகத்தில், யார் பொறுப்பில் வைத்திருக்க வேண்டும் என்ற சாதாரணமான விதியைப் பற்றி எழுதியவர்கள் அருகியே காணப்படுகிறார்கள். தெரிவின் நியாயம் பாதிக்குமேல் அந்தச் சாதாரண விதியில்தான் தங்கியிருக்கிறது.

அண்மையில் எழுந்துள்ள பிரச்சினை பணியில் அமராதவர்களைப் பற்றியதன்று, அமர்ந்துவிட்டவர்களைப் பற்றியது. 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், 2011 ஜூலை 29க்கு முன் நியமிக்கப்பட்டவர்கள் பணியில் தொடரத் தகுதித் தேர்வு வேண்டாம், பதவி உயர்வுக்கு வேண்டும் என்றது. 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் அதற்கும் மேலே சென்றது. ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் இருப்பவர்கள், கல்வி உரிமைச் சட்டம் வருமுன் பணியில் சேர்ந்தவர்களாயினும், இரண்டு ஆண்டுக்குள் தகுதித் தேர்வில் தேற வேண்டும், தேறாவிடில் பணியைவிட்டு நீங்க வேண்டும். ஐந்தாண்டுக்குக் குறைவாக இருப்பவர்கள் தொடரலாம், பதவி உயர்வு கேட்கலாகாது. தமிழ்நாடு அரசு இதை மறுபரிசீலனை செய்யும்படி மனுச் செய்தது. குழந்தையின் நலனே பெரிது என்பது தீர்ப்பின் உயிர், அதை மறுப்பாரில்லை. ஆனால் நாடு முழுவதும் ‘விதியை இடையில் மாற்றாதே’ என்று விண்ணப்பதாரர்களின் பொருட்டு இத்தனை காலம் வாதித்து நிறுவிய நெறி, இருபத்தைந்து ஆண்டு கற்பித்தவருக்கு மட்டும் ஏன் எட்டவில்லை என்பதற்கு எனக்குத் திருப்தியான விடை அத்தீர்ப்பில் தென்படவில்லை. அந்நாளில் பதிவு மூப்பின்படி அழைக்கப்பட்டவர் எந்த விதியையும் மீறி வந்தவரல்லர். அன்று சர்க்கார் வைத்திருந்த ஒரே வாசல் அதுவே. அவர் இன்று கற்பிக்கும் திறனுடையவரா என்பதை அறிய அவருடைய வகுப்பறை இருக்கிறது, அவரிடம் படித்தவர்கள் இருக்கிறார்கள், ஆண்டுதோறும் வந்து போகும் கல்வி அதிகாரிகள் இருக்கிறார்கள். 2013இல் தேறியும் வேலை கிடைக்காதவரைப் பற்றி அறிய ஒரு சான்றிதழைத் தவிர வேறொன்றும் இல்லை. முன்னவரிடம் சான்றிதழையும் பின்னவரிடம் இன்னொரு சான்றிதழையும் கேட்பதோடு நம் விதிகள் நின்றுவிடுகின்றன.